யூரோடான்ஸ் தொகுப்பு சிடி இன்னும் ஆருக்கு வேணும்?

2 பெப்ரவரி 2024 (ஒரு வாசகர் கேட்டது)

பழஞ்சாமான் சந்தையில ஒரு மேசை முழுக்க தொண்ணூறுகளின்ர டான்ஸ் தொகுப்புகள், பல பேரின்ர பாட்டை ஒண்டாச் சேத்த சிடிகள், கிடந்தது. ரெட்டை சிடி, ஒண்டின்ர விலை ரெண்டு யூரோ. அதை மூண்டு நாலு பேர் போட்டி போட்டு கிளறிக்கொண்டு நிக்கினம். எல்லாப் பாட்டும் போனில சும்மா கிடக்குது, பேந்தேன் இது? யூரோடான்ஸ், தொண்ணூறுகளில ஐரோப்பாவில செய்த அந்த டான்ஸ் பாட்டு, எண்டால் ஒரே அடி, ஒரே மெட்டு, ஆர் பாடினது எண்டு ஒருத்தருக்கும் தெரியாது. ஒரு நல்ல பாடகரின்ர அல்பத்தை கவனமா வைச்சிருக்கிறது எனக்கு விளங்குது. இந்தக் கதம்பத்தை ஏன் வைச்சிருக்கிறியள்?

2 பெப்ரவரி, இரவு

அந்த மேசையில நிண்டவையில ஒருத்தன் நானாவும் இருக்கலாம், மாசத்தில ரெண்டு ஞாயிறு போறனான்.

ஆர் பாடினது எண்டு தெரியாது எண்டு குறை மாதிரி சொன்னியள், உங்கட கேள்விக்கு மறுமொழியே அதுக்குள்ளதான் கிடக்கு. யூரோடான்ஸில முக்கால்வாசி "குழு" எண்டு ஒண்டு இருந்ததே இல்லை. ஒரு ஸ்ரூடியோவில ரெண்டு பேர் கீபோட்டோட இருந்து பாட்டைச் செய்வினம், பாட ஒரு பெண்ணைக் கூப்பிடுவினம், ராப்புக்கு ஒருத்தனைக் கூப்பிடுவினம், கடைசியா ஒரு பேர் வைப்பினம். பாட்டு ஓடினால் அந்தப் பேர் இருக்கும், ஓடாட்டி அடுத்த மாசம் அதே ரெண்டு பேர் வேற பேரில வருவினம். அப்பிடிப்பட்ட ஒரு பேரின்ர முழு அல்பத்தை வாங்கிப் பாருங்கோ, ரெண்டு பாட்டு தீயா இருக்கும், மிச்சம் எட்டும் இடம் நிரப்பினது. நான் காசு குடுத்து வாங்கி ஏமாந்து சொல்லுறன். அந்த நல்ல ரெண்டு பாட்டும் தங்கட மாதிரியான மற்றப் பாட்டுகளோட சேர்ந்து இருக்கிற இடம் தொகுப்புத்தான், யூரோடான்ஸுக்கு அல்பம் எண்டால் நான் அதைத்தான் சொல்லுவன்.

3 பெப்ரவரி

நித்திரை வரேல்லை, ஏன் வைச்சிருக்கிறன் எண்டதுக்கு என்ர கதையையும் சொல்லவேணும்.

90 இல யாழ்ப்பாணத்தில இருந்து வந்தனாங்கள், எனக்குப் பதினொரு வயசு, தங்கச்சிக்கு ஆறு. ஜெர்மனியில பிராங்பேர்ட்டுக்குப் பக்கத்தில ஒரு அடுக்குமாடியில இருந்தம். 94 இல கீழ் வீட்டுத் துருக்கிப் பெடியன், மேல் வீட்டு போலந்துப் பெடியன், எதிர்வீட்டு எரித்திரியாப் பெடியன், நான், நாலு பேரும் ஆளுக்குப் பத்து மார்க் போட்டு ஒரு ரெட்டை சிடி வாங்கினம். ஒரு சிடிக்கு 80 நிமிசம், முப்பத்தெட்டுப் பாட்டு. ஒரே ஒரு பாட்டு இருக்கிற மக்ஸி சிடி பத்துப் பன்னிரண்டு மார்க் வித்த காலம் அது, கணக்குப் பாத்தால் எங்களைப் போல வீட்டுப் பிள்ளையளுக்கு தொகுப்பை விட்டால் வேற வழியே இல்லை. ஆளுக்கு ஒரு கிழமை எண்டு முறை வைச்சம்.

எங்கட கிழமை வரேக்க நானும் தங்கச்சியும் அதை 90 நிமிச கசெற்றில அடிச்சம். ரெண்டு சிடியும் எப்பிடி ஒரு கசெற்றுக்குள்ள அடங்கும்? பதினாலு பாட்டை வெட்ட வேண்டி வந்தது, அதுக்கு ஒரு முழுச் சனிக்கிழமை சண்டை. எந்தப் பதினாலு எண்டு இப்ப ஞாபகம் இல்லை, சண்டை மட்டும் வடிவா ஞாபகம். கசெற் மட்டையில பாட்டுப் பேரை எழுதச் சொன்னால் அவளுக்கு இங்கிலீஷ் எழுத வராது, அதால எந்த சிடி, எத்தினையாம் பாட்டு எண்டு நம்பர் மட்டும் எழுதினவள். அப்பிடித்தான் எங்களுக்கு ஒவ்வொரு பாட்டும் ஒரு நம்பர் ஆச்சு. "ஒண்டில நாலு", "ரெண்டில பதினொண்டு". இண்டைக்கும் எங்கயாவது கடையில அந்தப் பாட்டுப் போனால் அவள் எனக்கு "ரெண்டில பதினொண்டு!" எண்டு மட்டும் மெசேஜ் போடுவாள். அந்தப் பாட்டைப் பாடினவையின்ர பேரை எனக்கு முப்பது வயசிலதான் தெரியும். பெரிய ஹிற்றும் இல்லை. ரெண்டு பெரிய பாட்டுக்கு நடுவில இடம் நிரப்ப வைச்சது. எனக்கு உலகத்தில பிடிச்ச பாட்டு அது.

3 பெப்ரவரி, பின்னேரம்

திருத்தம். 80 நிமிசம் எண்டது பிழை, அந்த நேர சிடிக்கு 74 தான். கசெற் கணக்கை திரும்பப் போட்டுப் பாத்தன், பதினாலு சரி.

5 பெப்ரவரி

"ஆர் பாடினது" விசயம் மனசுக்க கிடந்து அரிக்குது. தெரியாது எண்டு விட ஏலாது, கனக்கத் தெரியும், தெரிய வந்த விதம்தான் வலிக்கும்.

பிளாக் பொக்ஸ் எண்ட குழுவின்ர "ரைட் ஒன் ரைம்" 1989 இல பிரித்தானியாவில ஆறு கிழமை முதலிடம். இத்தாலிக்காரர் செய்த பாட்டு. ரிவியில வந்து வாயசைச்சது ஒரு மொடல், குரல் அமெரிக்காவின்ர லொலீற்றா ஹொலவேயின்ர 1980 பாட்டில இருந்து வெட்டி எடுத்தது. அதே பிளாக் பொக்ஸின்ர மற்றப் பாட்டுகள் கனக்கப் பாடினது மார்தா வொஷ். அவவின்ர உடம்பு ரிவிக்குச் சரிவராது எண்டு நினைச்சு மெல்லிசா ஒரு பெண்ணை முன்னுக்கு விட்டவை. அவ வழக்குப் போட்டு தன்ர குரலுக்குரியதை வாங்கினவ. ரியல் மக்கோய் எண்ட குழுவில ராப் செய்தது ஒருத்தர், முன்னுக்கு நிண்டு வாயசைச்சது இன்னொருத்தர். பெல்ஜியத்து டெக்னோட்ரோனிக்கின்ர "பம்ப் அப் த ஜாம்" வீடியோவிலயும் அதே கதை, பாடினது யா கிட் கே, திரையில நிண்டது ஒரு மொடல். "ரிதம் ஒஃப் த நைற்" பாடின கொறோனா எண்ட குழுவின்ர பிரேசில்காரப் பெண் ஒரு ஆள்தான் முகமும் குரலும் தன்னோடதா வந்தவ எண்டு நினைக்கிறன்.

எனக்கு இதெல்லாம் தெரிய வரேக்க இருபத்தைஞ்சு வயசு தாண்டிட்டுது. கோவம் வந்தது. அறையில போஸ்ரர் ஒட்டி வைச்சிருந்தனான். அதுக்குப் பிறகு யோசிச்சன், தொகுப்பு சிடியில முகமே இல்லை. அட்டையில பெரிய எழுத்து, நாலு நிறம், உள்ளுக்க பேரும் நிமிசமும். முகத்தைக் காட்டி என்னை ஏமாத்தாத ஒரே சாமான் அதுதான்.

6 பெப்ரவரி

கொறோனா பற்றி நேற்று எழுதினதை எடுத்து விடுங்கோ. பிரேசிலைச் சேர்ந்த ஒல்கா டி சூசா முகம் மட்டும்தான். அந்தப் பாட்டைப் பாடினது ஜொவான்னா பெர்சோலா எண்ட இத்தாலிப் பாடகி, ஜெனி பி எண்டும் சொல்லுவினம். முப்பது வருசமா கேக்கிற பாட்டில நானே பிழை விட்டன் எண்டால் அந்த ஆளின்ர பேர் எவ்வளவு ஆழத்தில புதைஞ்சு போச்சு எண்டு பாருங்கோ.

மற்றது, தொகுப்பு ஏமாத்தாது எண்டு சொன்னதையும் கொஞ்சம் மாத்த வேணும். இரவு போய் அந்தச் சின்னப் புத்தகத்தை விரிச்சுப் பாத்தன். பாட்டுப் பேர், நிமிசம், எழுதினவையின்ர பேர் பிறக்கற்றுக்குள்ள, எந்த லேபிளிட்ட (பாட்டை வெளியிடுற கொம்பனி) இருந்து உரிமை வாங்கினது, ஜெர்மன் சிடியில எப்பவும் இருக்கிற, பாட்டு உரிமைக் காசு அறவிடுற கேமா சங்கத்தின்ர முத்திரை, லேபிள் நம்பர், எல்லாம் எறும்பு எழுத்தில கிடக்கு. பாடினவையின்ர பேர் மட்டும் ஒரு இடத்திலயும் இல்லை. ஆக, அதுவும் அந்தப் பெண்டுகளை மறைச்சதுதான். எனக்கு அது முகத்தைக் காட்டேல்லை எண்டதுக்காக நேர்மை எண்டு சொன்னது அவசரம்.

8 பெப்ரவரி

லண்டன் மச்சானோட 93 இல பிடிச்ச சண்டை ஞாபகம் வந்தது. டூ அன்லிமிற்றெட் எண்ட குழுவின்ர "நோ லிமிற்" பாட்டால. கோடை லீவுக்கு அவன் வந்தவன், கையில லண்டனில வாங்கின ஒரு தொகுப்பு. எங்கட வீட்டில பாட்டு ஓடுது, நான் ராப்போட சேந்து கத்துறன், அவன் என்னை விசரனைப் பாக்கிற மாதிரிப் பாக்கிறான். "இதில ராப்பே இல்லையடா, நீயாப் போட்டு பாடுறாய்" எண்டான். இருக்கு, இல்லை, இருக்கு, இல்லை. அவன்ர சிடியைப் போட்டால் உண்மையா ராப் இல்லை, "டெக்னோ டெக்னோ" மட்டும் வருது.

ரெண்டு பேரும் சரி. பாட்டைச் செய்த பெல்ஜியக்காரர் விட்டதில குழுவின்ர ராப்காரன் ரேயின்ர ராப் முழுசா இருக்கு, பிரித்தானியாவில வெளியிட்ட கொம்பனி ராப்பை வெட்டிப்போட்டு பெரும்பாலும் பாடகி அனிற்றாவின்ர குரலை வைச்சு விட்டது. ஒரே பாட்டு, ரெண்டு நாட்டில ரெண்டு உடம்பு. எந்த நாட்டுத் தொகுப்பை வாங்கினியளோ அந்த உடம்புதான் உங்கட நெஞ்சுக்க இருக்கும். மச்சானுக்கு இப்பவும் ராப் வந்தால் எரிச்சல்.

"எல்லாப் பாட்டும் போனில கிடக்கு" எண்டவருக்கு: எந்த "நோ லிமிற்" கிடக்கு?

11 பெப்ரவரி

எங்கட ஊர் பற்றி எழுதாமல் விட ஏலாது. யூரோடான்ஸின்ர அரைவாசி பிராங்பேர்ட்டைச் சுத்தித்தான் பிறந்தது. ஸ்னாப் எண்ட குழுவைச் செய்த மியுன்சிங்கும் அன்சிலொற்றியும் இஞ்சத்தையான் ஆக்கள். ராப் ஆக்கள் எங்க இருந்து வந்தினம் எண்டால், அமெரிக்க ராணுவம். ஜெர்மனியில அவ்வளவு முகாம் இருந்தது, ஸ்னாப்பின்ர டர்போ பி ராணுவத்தில இருந்தவர், லா பூஷின்ர லேன் மக்ரே விமானப்படை, கப்டன் ஜாக்கின்ர பிராங்கி ஜீயும் ராணுவம். பனிப்போருக்கு எண்டு கொண்டு வந்து விட்ட பெடியங்கள் வார இறுதியில மைக் பிடிச்சதில இருந்து வந்த இசை இது.

விமான நிலையத்துக்குள்ளேயே டோரியன் கிரே எண்டு ஒரு டிஸ்கோ இருந்தது, 1978 இல இருந்து 2000 வரைக்கும். "மிஸ்டர் வெயின்" செய்த கல்ச்சர் பீற்றின்ர ரோர்ஸ்ரன் பென்ஸ்லாவ் அங்க டிஜே. அந்தப் பாட்டு 93 இல ஐரோப்பாவில கனக்க நாட்டில முதலிடத்துக்குப் போச்சு, அதே வருசம் நவம்பரில அவர் கார் விபத்தில செத்தார், இருபத்தொன்பது வயசு.

என்ர அப்பா அந்த விமான நிலையத்தில ஒரு சமையல்கட்டில இரவு வேலை, பாத்திரம் கழுவிறது. ஞாயிறு விடிய ஆறு ஆறரைக்கு எஸ்-பான் ரயில் ஏறுவார். அந்த நேரம் ரயில் மேடையில இளம் பிள்ளையள் கூட்டமா நிக்குமாம், கறுப்புக் கண்ணாடி போட்டு, வேர்த்து ஒழுகி, சுவரில சாய்ஞ்சு. அப்பா வீட்டை வந்து அம்மாவுக்குச் சொல்லுவார், "பாவங்கள், என்னை மாதிரி இரவு வேலைப் பிள்ளையள், என்ன வேலையோ, இப்பிடிப் பிழிஞ்சு எடுக்கிறாங்கள்." ஒருத்தனுக்குத் தன்ர தண்ணிப் போத்தலைக் குடுத்தவராம். அது டிஸ்கோ எண்டு நான் அவருக்குச் சொல்லேக்க அவர் ஓய்வெடுத்திட்டார். "அப்ப ஆடிக் களைச்சவையா? அதுவும் களைப்புத்தானே" எண்டார்.

12 பெப்ரவரி

அம்மாவையும் சொல்லவேணும். எங்கட வீட்டில சத்தமா வைக்க அனுமதி இருந்த ஒரே ஆள் டொக்ரர் அல்பான். நைஜீரியாவில பிறந்து ஸ்வீடனில உண்மையாவே பல் வைத்தியம் படிச்சவர். "படிச்ச பிள்ளை, பாடட்டும்" எண்டு அம்மா.

17 பெப்ரவரி

"ஒரே அடி, ஒரே மெட்டு". சரி, இதுக்கு வருவம்.

அடி ஒண்டுதான், ஒத்துக்கொள்ளுறன். நிமிசத்துக்கு 120 இல இருந்து 145 வரை, நாலுக்கு நாலு, ஒவ்வொரு தட்டுக்கும் ஒரு பெரிய உதை. கருவியும் கனக்க இல்லை, கோர்க் எம்1 எண்ட 1988 கீபோட்டின்ர பியானோ, ஓர்கன் சத்தத்தை எத்தினை பாட்டில கேட்டிருப்பியள். பெண் குரலில கோரஸ், ஆண் குரலில ராப், நடுவில கீபோட் ஒரு மெட்டை வாசிச்சு அதையே கோரஸ் மாதிரி ஆக்கும். இவ்வளவுதான் சமையல் சாமான். ஆனா எங்கட வீட்டில சோறும் பருப்பும் ஒவ்வொரு நாளும் ஒண்டுதானே, ஆர் காய்ச்சினது எண்டு ஒரு வாய் வைச்ச உடன தெரியேல்லையா? ஹாடவேயின்ர "வட் இஸ் லவ்" ஒரு கேள்வியோட துடங்கி கடைசி வரைக்கும் மறுமொழி சொல்லாது, அதில ராப் இல்லை, தனி மனிசன் நிண்டு கெஞ்சுற பாட்டு. அடுத்ததா "மிஸ்டர் வெயின்" வந்தால் அங்க கெஞ்சல் இல்லை, திமிர்.

இந்த வேறுபாடு தொகுப்பிலதான் காதில விழும், ஏனெண்டால் பக்கத்தில பக்கத்தில வைச்சிருக்கு. அடுக்கினவை சும்மா அடுக்கேல்லை. முதல் சிடியில முதல் அஞ்சு பெரிய ஹிற், ரிவி விளம்பரத்தில மூச்சு விடாமல் சொல்லுற பேர்கள் அவைதான். ரெண்டாவது சிடியின்ர முதல் பாட்டும் பெரிசு, இல்லாட்டி அந்த சிடியை ஒருத்தரும் பெட்டியில இருந்து எடுக்கமாட்டினம். எட்டுக்குப் பிறகு தெரியாத ஆக்கள், அந்த லேபிள்காரர் "பெரிய பாட்டு வேணுமெண்டால் இதையும் போடு" எண்டு தள்ளி விட்டதோ எண்டு நான் நினைக்கிறது. எனக்கு அந்த எட்டுக்குப் பிறகுதான் தோட்டம். ஹிற்றுகளை ரிவியே தந்தது, 93 டிசம்பரில கொலோனில வீவா சானல் துடங்கின பிறகு நாள் முழுக்கத் தந்தது. "ரெண்டில பதினொண்டு" போல பாட்டை ஆர் தருவினம்?

ஒரு குறையும் சொல்லுறன். டிஜே கலந்து விட்ட தொகுப்புகளை நான் வாங்கிறதில்லை. ஒரு பாட்டு முடிய முதல் மற்றது ஏறி மிதிக்கும். எனக்கு ரெண்டு பாட்டுக்கு நடுவில அந்த ரெண்டு செக்கன் அமைதி வேணும், அடுத்தது என்ன எண்டு தெரிஞ்சிருந்தும் காத்திருக்கிற அந்த ரெண்டு செக்கன்.

17 பெப்ரவரி, இரவு

ரெட்டை சிடிப் பெட்டி பற்றி: நடுத்தட்டின்ர பல்லு உடைஞ்சு போனால் எறியாதேங்கோ. ஒரு துண்டுக் கடதாசியை நாலா மடிச்சு நடு ஓட்டைக்க வைச்சால் சிடி ஆடாது. பதினைஞ்சு வருசமா நிக்குது என்னட்ட.

20 பெப்ரவரி

இது ஐரோப்பாவோட நிண்ட விசயம் எண்டு நினைக்காதேங்கோ. கனடாவில மச் மியூசிக் சானலின்ர "டான்ஸ் மிக்ஸ்" வருசா வருசம் வந்தது, ஸ்காபரோவில இருந்து பெரியம்மாவின்ர மகள் 95 இன்ரயை அனுப்பினவள், பெல்ஜியத்தில செய்த பாட்டு கனடா போய் எங்கட வீட்டுக்கு தபாலில திரும்பி வந்தது. அமெரிக்காவில அதே வருசம் "ஜொக் ஜாம்ஸ்", விளையாட்டு மைதானத்தில போடுற பாட்டுகளின்ர தொகுப்பு, டூ அன்லிமிற்றெட் அங்க கூடைப்பந்துப் பாட்டு. ஜப்பானில "டான்ஸ்மேனியா" தொகுப்புகள், அதில இருந்த பாட்டுகளைத்தான் 98 இல கோனாமி கொம்பனி காலால மிதிச்சு ஆடுற அந்த விளையாட்டு மெசினுக்க போட்டது. "சூப்பர் யூரோபீற்" எண்டு இன்னொரு வரிசை ஜப்பானில 250 தொகுப்பு வரை போச்சு, இத்தாலியில ஜப்பானுக்கு எண்டே செய்து அனுப்பின பாட்டுகள். அது யூரோடான்ஸுக்கு ஒண்டைவிட்ட சகோதரம், ஒண்டாப் போட்டுக் குழப்பக்கூடாது எண்டு ஜப்பான் ரசிகர் சண்டைக்கு வருவினம், நியாயம்தான்.

25 பெப்ரவரி

போனில தேடிப் பாத்த அனுபவம். ஒரு கிழமையா 94 சிடியின்ர முப்பத்தெட்டுப் பாட்டையும் ஒண்டொண்டாத் தேடினன். இருபத்தொன்பது கிடைச்சது. அதில நாலு "புதுசா" பாடி விட்டது, அதே பேர், அதே படம், குரல் வேற, அடி வேற, கேட்ட உடன பல்லுக் கூசும். மிச்சம் ஒன்பதும் இல்லவே இல்லை. சின்ன லேபிள்கள் கை மாறி, உரிமை ஆரிட்ட எண்டு தெரியாமல் போறது இந்த இசையில வழமை. அந்த ஒன்பது பாட்டும் எனக்குத் தெரிய உயிரோட இருக்கிறது இந்த ரெண்டு யூரோ பிளாஸ்ரிக்கில மட்டும்தான்.

உயிரோட எண்டேக்க ஒண்டு. 2019 மே மாசம் ஒஸ்ரியாவில துணைச் சான்சலர் இபிசாத் தீவில மாட்டின ஒரு வீடியோவால அரசாங்கமே கவுண்டது. சனம் என்ன செய்தது எண்டால் வெங்காபோய்ஸ் எண்ட குழுவின்ர இருபது வருசப் பழைய இபிசாப் பாட்டை முதலிடத்துக்கு ஏத்தினது, வியன்னாவில ஆர்ப்பாட்டத்தில அவையே வந்து பாடினவை. நான் அண்டைக்கு ரிவிக்கு முன்னால எழும்பி நிண்டு கை தட்டினன்.

மெலனி தோர்ன்ரனை நினைக்கிறன் இதை எழுதேக்க. லா பூஷின்ர குரல், முகமும் அவதான், முழுசா அவதான். 2001 நவம்பரில சூரிச்சுக்குப் பக்கத்தில விமான விபத்தில போனவ, முப்பத்திநாலு வயசு. தொகுப்பில "பி மை லவர்" வரேக்க நான் தாண்டிப் போறதில்லை.

3 மார்ச்

நேற்று தங்கச்சி வீட்டை வந்தவள். உங்கட கேள்வியை அவளுக்கு வாசிச்சுக் காட்டினன். ஒண்டும் சொல்லாமல் போனை எடுத்து "ரெண்டில பதினொண்டை" போட்டாள் (கிடைச்ச இருபத்தொன்பதில அதுவும் ஒண்டு, நல்ல காலம் பழைய குரல்தான்). ரெண்டு பேரும் குசினியில நிண்டு கேட்டம். முடிஞ்சது. போன் தன்ர பாட்டில ஏதோ ஒரு புதுப் பாட்டைப் போட்டுது. அதுக்கு மேலால நான் "ரெண்டில பன்னிரண்டின்ர" துடக்க மெட்டை வாயால வாசிக்கிறன், அவள் அதே நேரம் வேறொரு மெட்டை வாசிக்கிறாள்.

"பிழை" எண்டன். "நீதான் பிழை, இதுக்குப் பிறகு பதினாலு" எண்டாள். நான் சிடியை எடுத்துக்கொண்டு வந்து அட்டையைக் காட்டினன். பதினொண்டு, பன்னிரண்டு, பதின்மூண்டு, பதினாலு. கொஞ்ச நேரம் அட்டையைப் பாத்திட்டுச் சொன்னாள், "அண்ணை, பன்னிரண்டையும் பதின்மூண்டையும் நாங்கள் அண்டைக்கு வெட்டினதெல்லே. பன்னிரண்டு உனக்குப் பிடிக்காது எண்டு நீதான் அழுதனீ."

உண்மைதான். நான் 2009 இல சந்தையில இந்த சிடியைத் திரும்ப வாங்கி அதையே கேட்டுக் கேட்டு சிடியின்ர ஒழுங்கு என்ர தலைக்க ஏறிட்டுது. அவள் கசெற்றோட நிண்டிட்டாள். அவளின்ர தொகுப்பில இருபத்திநாலு பாட்டு, ரெண்டு பக்கம், பதினொண்டுக்குப் பிறகு பதினாலு. நான் எங்கட தொகுப்பு எண்டு இவ்வளவு நாள் எழுதினது உண்மையில வேறொண்டு.

கசெற் அவளிட்ட இருக்காம், கலியாண அல்பங்களோட பெட்டிக்க. ஈஸ்ரர் லீவுக்கு கொண்டு வாறன் எண்டிருக்கிறாள். போட மெசின் இல்லை. வாற ஞாயிறு சந்தைக்குப் போறன், சிடி மேசைக்கு இல்லை, பக்கத்து மேசைக்கு.